கை மாறிய துணி

தையல் சங்கத்தின் நிர்வாகக் குழுவில் யாரும் கை தூக்கி ஓட்டுப் போட்டதில்லை. புதுத் துணி வாங்குவதென்றால் மாதிரித் துண்டு ஒன்று தலைவியின் கையிலிருந்து புறப்படும். வெட்டு மேஜையைச் சுற்றி உட்கார்ந்திருக்கிற ஐந்து பேரும் அதை முறைவைத்து வாங்கி, கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்துத் தேய்த்துப் பார்ப்பார்கள். குறுக்கில் இழுத்துப் பார்ப்பார்கள். ஜன்னல் பக்கம் பிடித்து இழை எண்ணுவார்கள். பிடித்திருந்தால் அடுத்தவள் கையில் கொடுத்துவிட வேண்டியது. பிடிக்காவிட்டால் மடியில் வைத்துக்கொள்ள வேண்டியது. ஒருத்தி மடியில் தங்கிவிட்ட துணி சங்கத்துக்குள் வராது. வாயால் ஆயிரம் குறை சொல்லலாம், சொல்லவும் செய்வார்கள். ஆனால் துணியைக் கை மாற்றிவிட்டால் அந்தக் குறையெல்லாம் ஆறிப்போன தேநீரைப் போல யாருக்கும் வேண்டாததாகிவிடும். இதை எவரும் எங்கும் எழுதி வைக்கவில்லை. கூட்டப் புத்தகத்தில் ‘ஏகமனதாக’ என்று ஒரு வார்த்தை விழும், அவ்வளவுதான்.

அவளை எல்லோரும் ஓவர்லாக் என்றுதான் கூப்பிட்டார்கள். சங்கத்தில் பார்க்கிற வேலையே பெயர். பட்டன் துளைக்குக் காஜா எடுக்க வந்து தலைவியாகிவிட்டவள் காஜா அக்கா. வெட்டுகிறவள் கத்தரி, பட்டன் கட்டுகிறவள் பட்டன், தேய்க்கிறவள் இஸ்திரி. துணியின் ஓரம் பிரியாமல் பிணைத்துத் தைக்கிற ஓவர்லாக் மிஷினில் உட்கார்ந்தவள் இவள். அந்த மிஷின் ஓடும்போது பக்கத்தில் இடி விழுந்தாலும் கேட்காது. அதனாலோ என்னவோ, பேச வேண்டியதை மனசுக்குள்ளேயே பேசி முடித்துவிடுகிற பழக்கம் அவளிடம் ஊறிப் போயிருந்தது. சிலிண்டர் தீர்ந்துவிட்டதைக் கணவனிடம் சொல்ல வேண்டும் என்று காலையில் நினைப்பாள். நினைத்த மாத்திரத்தில் சொல்லிவிட்ட திருப்தி வந்துவிடும். சாயங்காலம், “சொன்னேனே” என்பாள்.

“எங்க சொன்ன? உன் மனசுக்குள்ள சொன்னா எனக்கு எப்படிக் கேக்கும்? அங்கேருந்து எனக்கு ஒரு லைன் இழுத்துக் குடு” என்பான் அவன்.

இத்தனை வருஷமும் வீட்டில் அது ஒரு சிரிப்பாகவே இருந்து வந்தது. கூட்டுறவுத் துறையிலிருந்து சங்கத்துக்கு விசாரணை அதிகாரி வந்த அன்றைக்கு அந்தச் சிரிப்பு செத்துப் போனது.

மழை விடாமல் பெய்த மாதத்தில் வாங்கிய துணி அது. பெரிய மருத்துவமனை ஒன்றின் செவிலியர்களுக்கு வெள்ளைக் கோட்டு தைத்துக் கொடுக்கும் ஆர்டர். சங்கம் தொடங்கிய நாளிலிருந்து அப்படியொரு ஆர்டர் வந்ததில்லை. மில்லின் ஏஜெண்டு கொண்டுவந்த துணி கைக்குக் கனமாக, கண்ணுக்குப் பளிச்சென்று இருந்தது. மாதிரித் துண்டு ஐந்து பேரின் கையிலும் சுற்றி வந்தது. உறுப்பினர்கள் சங்கத்தில் போட்டு வைத்திருந்த சேமிப்பையெல்லாம் திரட்டி மொத்தமாக வாங்கினார்கள். பெண்கள் முதுகு ஒடியத் தைத்தார்கள். கோட்டுகள் போய்ச் சேர்ந்து, ஒரே ஒரு வெந்நீர்ச் சலவைதான். ஏற்றியிருந்த மாவும் கஞ்சியும் கரைந்து போக, துணி தன் சொந்த உருவத்துக்குச் சுருங்கிக்கொண்டது. மணிக்கட்டில் இருக்க வேண்டிய கை முழங்கைக்கு ஏறிவிட்டது. கட்டுக் கட்டாகத் திரும்பி வந்தவை இப்போது சங்கக் கூடத்தின் ஒரு சுவரை மறைத்துக்கொண்டு நின்றன. ஏஜெண்டின் தொலைபேசி அணைந்தே கிடந்தது. அவன் சொன்ன மில்லில் அப்படியொரு ஆளே இல்லை என்றார்கள்.

விசாரணைக்கு வந்தவர் சளி பிடித்த மனிதர். கைக்குட்டையை மூக்கிலிருந்து எடுக்காமலே பேசினார். ஆனால் பேசியது தெளிவாக இருந்தது.

“வியாபாரத்துல நஷ்டம் வர்றது சகஜம்மா. எப்பவும் பார்க்கிற மாதிரி பார்த்து வாங்கி, அதுக்கும் மேல ஏமாந்துட்டீங்கன்னா அது சங்கத்தோட நஷ்டம். ஆனா, சந்தேகம் வந்தும் சோதிக்காம வாங்கியிருந்தா அது கவனக்குறைவு. அது உங்க நஷ்டம். குழுவுல இருக்கிறவங்க சொந்தத்துல ஈடு கட்டணும்.”

“எங்ககிட்ட என்ன சார் இருக்கு? தேய்க்கிற பெட்டிகூட சங்கத்தோடது” என்றாள் இஸ்திரி.

“இருக்கிறவங்ககிட்ட வசூலாகும். அஞ்சு பேரும் சேர்ந்தும் பொறுப்பு, தனித்தனியாவும் பொறுப்பு. வீடு இருந்தா வீடு.”

ஐந்து பேரில் வீடு இருந்தது இரண்டு பேருக்குத்தான். காஜா அக்காவுக்கு, அப்புறம் இவளுக்கு. மற்ற மூன்று பேரும் வாடகை வீட்டுக்காரிகள்.

“அன்னிக்கு யாராவது ஆட்சேபம் சொல்லியிருந்தா, அவங்க மட்டும் இதுல வரமாட்டாங்க. சொன்னீங்களா யாராச்சும்?”

ஐந்து பேரும் வெட்டு மேஜையையே பார்த்தார்கள். மின்விசிறி கிரீச் கிரீச்சென்று சுற்றியது.

“திங்கட்கிழமை மாவட்ட ஆபீஸுக்கு வாங்க. ஒவ்வொருத்தரா கேப்பேன். யோசிச்சுட்டு வாங்க” என்று சொல்லி அவர் எழுந்துகொண்டார்.

அப்போதுதான் அந்த வாக்கியம் அவளுக்குள் எழுந்து நின்றது. ‘ஒரு துண்டு துவைச்சுப் பார்த்தா என்ன?’ அது தன்னுடைய வாக்கியம்தான். அந்த மழை நாளில், துணி தன் கையில் இருந்தபோது பிறந்ததுதான். ஆனால் பிறந்தது வாயிலா மனசிலா என்பதுதான் தெரியவில்லை.

கணவன் பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவன். சாயங்காலம் பிள்ளைகளையெல்லாம் இறக்கிவிட்டு, காதில் அந்த இரைச்சல் ஓயாமலே வீட்டுக்கு வருவான். அன்றைக்கு அவன் தட்டின் முன்னால் உட்கார்ந்ததும் அவள் எல்லாவற்றையும் சொன்னாள். வாயால்தான் சொன்னாள். அவன் சோற்றைப் பிசைந்தபடியே கேட்டுக்கொண்டிருந்தான்.

“இதுல யோசிக்க என்ன இருக்கு? துவைச்சுப் பார்க்கலாம்னு நீதான சொன்ன.”

“சொன்னேனான்னுதான் தெரியலங்க.”

“சொன்ன. அன்னிக்கு வந்து என்கிட்டயே சொன்னியே. இதோ, இங்க உக்காந்து வெங்காயம் உரிச்சுக்கிட்டிருந்த. அந்த நீலப் புடவைதான் கட்டியிருந்த. ‘நான் துவைச்சுப் பாக்கச் சொன்னேன், எவளும் காதுல வாங்கல’ன்னு சொன்ன. நான்கூட, விடு, உனக்கெதுக்கு வம்புன்னு சொன்னேன்.”

பருப்பு ஊற்ற வந்த நாத்தனார் கரண்டியோடு நின்றுவிட்டாள். புருஷனோடு ஒத்துவராமல் அண்ணன் வீட்டுக்கு வந்தவள். வீடு கட்டும்போது தன் வளையல்களைக் கழற்றிக் கொடுத்துப் பின்னறையைத் தனக்கென்று ஆக்கிக்கொண்டவள்.

“அண்ணே, அந்த மழையன்னிக்கு நீ வீட்டுலயே இல்ல. ரேடியேட்டர் போயி மெக்கானிக் கடையில படுத்துக் கிடந்த. உள்ள தண்ணி வருதுன்னு நானும் அண்ணியும்தான் வாசல்ல கோணி அடைச்சுக்கிட்டிருந்தோம்.”

“அது வேற நாள்.”

“அதே நாள்தான். வெங்காயமாவது வெங்காயம். வீட்டுல உப்பைத் தவிர ஒண்ணும் இல்ல. வெறும் சோத்தை ஊற வச்சுக் குடிச்சோம்.”

“வாய் மட்டும் இல்லேன்னா உன்னை நாய் கவ்விட்டுப் போயிருக்கும்.”

“அந்த நாயாவது உண்மை பேசுதான்னு பார்த்திருப்பேன்.”

அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. அவன் பொய் சொல்கிறபோதுதான் புடவையின் நிறமெல்லாம் சொல்வான். உண்மையென்றால் பாதி வாக்கியத்தோடு நிறுத்திவிட்டு எழுந்து போய்விடுவான். நீலப் புடவை என்று அவன் சொன்ன நொடியிலேயே அவளுக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்தபின்தான் பயம் கூடியது. இந்த மனிதன் இவ்வளவு பாடுபட்டுப் பொய் சொல்கிறான் என்றால் எவ்வளவு பயந்து போயிருக்க வேண்டும்.

அவன் கையைக் கழுவிக்கொண்டு வந்து, குரலை இறக்கிச் சொன்னான்: “சரி, பொய்யாவே இருக்கட்டும். சந்தேகம் வந்துச்சுன்னு எவளாவது உளறினா நம்ம வீடும் போயிடும். இந்த வயசுக்கு மேல என்னால இன்னொரு வீடு கட்ட முடியாது. சொன்னேன்னு சொல்லிட்டு வா. அவங்க வந்து நமக்கு வாடகை குடுக்கப் போறாங்களா?”

பாத்திரம் கழுவும்போது நாத்தனார் பக்கத்தில் வந்து நின்றாள். “அண்ணி, என் வளையலுக்காக நீங்க பொய் சொல்ல வேண்டாம். அதுக்காக உண்மையைச் சொல்லிட்டு வீட்டையும் குடுத்துட்டு வந்துடாதீங்க. ரெண்டுக்கும் நடுவுல ஏதாச்சும் இருக்கான்னு பாருங்க.”

“இருந்தா பார்த்திருக்க மாட்டேனா?”

“அதுவும் சரிதான்” என்று சொல்லி, கழுவிய தட்டையே மறுபடியும் வாங்கிக் கழுவினாள் நாத்தனார்.

மறுநாள் சங்கத்தில் வேலை இருந்தது. எது போனாலும் தலையணை உறை ஆர்டர் நிற்காது. மிஷினில் உட்கார்ந்து ஓரம் அடித்துக்கொண்டே அவள் அந்த நாளைத் தேடினாள். ஜன்னலில் மழை அடித்தது ஞாபகம் வந்தது. கத்தரியின் கையிலிருந்து துணி தன்னிடம் வந்தது ஞாபகம் இருந்தது. தேய்த்தபோது விரல் நுனியில் ஏதோ வழுக்கியது. அதற்கப்புறம் ஒரு சிரிப்பு. எல்லோரும் சிரித்தார்கள். எதற்காகச் சிரித்தார்கள்? தான் சொன்னதற்கா, வேறு எதற்காவதா? அங்கே போய் முட்டிக்கொண்டு ஞாபகம் நின்றுவிடும். திரும்பவும் ஜன்னல் மழையிலிருந்து தொடங்குவாள்.

மிதியை அழுத்தி மிஷினை முழு வேகத்தில் ஓடவிட்டு, “ஒரு துண்டு துவைச்சுப் பார்த்தா என்ன?” என்று வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தாள். தன் காதுக்கே கேட்கவில்லை. உதடு அசைந்தது மட்டும் தெரிந்தது. மிதியிலிருந்து காலை எடுத்துவிட்டு இன்னொரு தரம் சொன்னாள். எதிர் வரிசையில் இருந்த பட்டன் சடாரென்று நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வையில் இருந்தது என்ன என்று அன்று முழுக்க யோசித்தும் அவளுக்குப் பிடிபடவில்லை.

சாயங்காலம் பட்டனும் இஸ்திரியும் வீட்டுக்கு வந்தார்கள். கையில் ஒரு பை நிறைய வாழைப்பழம். நாத்தனார் பையை வாங்கிக்கொண்டு, “சும்மா வர்றவங்க வெறுங்கையோடதான் வருவாங்க. பழம்னா விஷயம் பெரிசு போல” என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

பட்டன் காதில் விழாதது போலச் சுவரைப் பார்த்தாள். “வீடு நல்லா இருக்குடி. காத்து வருது.”

“ஜன்னல் பெரிசு” என்றாள் இஸ்திரி.

“உக்காருங்க.”

“உக்கார நேரமில்ல” என்றாள் பட்டன். “சும்மா பார்த்துட்டுப் போலாம்னுதான். நாளன்னிக்கு எல்லாரும் ஒரே மாதிரி சொல்லணும்ல. யாருக்கும் சந்தேகம் வரல, எப்பவும் போல துணியைக் கையில பார்த்தோம், வாங்கினோம். அப்படிச் சொன்னா சங்கமே தாங்கிக்கும்.”

சங்கம் தாங்கிக்கும் என்றால் யார் தாங்குவார்கள் என்று அவள் நினைத்தாள். தீபம் வைக்கிற நேரத்துக்கும் மிஷினை விட்டு எழாத பெண்கள். மகளின் படிப்புக்கு, கண் ஆபரேஷனுக்கு, ஓடிப்போன புருஷனைத் தேடிப் போகிற பஸ் செலவுக்கு என்று அங்கே போட்டு வைத்தவர்கள். நினைத்ததைச் சொல்லவில்லை. சொல்லவில்லை என்பதை இந்தத் தடவை கவனித்தாள்.

“அன்னிக்கு எதுக்குச் சிரிச்சோம்?” என்று கேட்டாள்.

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்ளாமல் இருக்க மெனக்கெட்டார்கள்.

“என்னிக்கு?”

“துணி பார்த்த அன்னிக்கு.”

“நாம எந்த நாள் சிரிக்காம இருந்தோம், அதை ஞாபகம் வச்சுக்க” என்றாள் பட்டன். “எனக்கு மூணு பொண்ணுடி. உனக்குத் தெரியாததில்ல.” போகும்போது இவளுடைய இரண்டு கைகளையும் பிடித்து அழுத்திவிட்டுப் போனாள். அவள் விரல் நுனிகள் ஊசி குத்திக் குத்திக் காய்த்துப் போயிருந்தன.

ஞாயிற்றுக்கிழமை மதியம், வெயிலில் தண்ணீர்த் தொட்டியை இறைத்துப் பாசி தேய்த்துக்கொண்டிருந்தபோது காஜா அக்கா வந்தாள். முட்டிவலிக்காரி. தெருவிலிருந்து வீட்டின் பின்பக்கம் வருவதற்குள் சுவரைப் பல இடத்தில் பிடித்து நின்றாள். துவைக்கிற கல்லின் மேல் உட்கார்ந்து மூச்சு வாங்கினாள். கையில் பை எதுவும் இல்லை.

“டீ போடட்டுமாக்கா?”

“சர்க்கரை இல்லாம போடு. போட்டா என் மருமக கண்டுபிடிச்சுடுவா. அவளுக்கு இருக்கிறது மூக்கு இல்ல, மோப்பம்.”

தேநீரைக் குடித்து முடிக்கும் வரை இருவரும் தண்ணீர் வருகிற நேரத்தைப் பற்றியும் முட்டிக்குப் போடுகிற எண்ணெயைப் பற்றியும் பேசினார்கள். டம்ளரைக் கீழே வைத்துவிட்டு அக்கா கேட்டாள்.

“நாளைக்கு என்ன சொல்லப் போறே?”

“தெரியலக்கா. சொன்னேனான்னே தெரியல.”

“சொன்னே.”

தேய்த்துக்கொண்டிருந்த தேங்காய் நார் அவள் கையில் நின்றது.

“துணியை மூக்குக்கிட்ட கொண்டு போனே. மாவு வாசனை வருது, ஒரு துண்டு துவைச்சுப் பார்த்தா என்னன்னு கேட்டே. பட்டன்தான் சொன்னா, இந்த மழையில துவைச்சு எங்க காயப் போடறது, உன் தலையிலயான்னு. எல்லாரும் சிரிச்சோம். எனக்கு நல்லாவே கேட்டுச்சு.”

அப்படியானால் சொல்லியிருக்கிறாள். பைத்தியம் இல்லை. வாயிலிருந்து வந்திருக்கிறது, நாலு பேர் காதில் விழுந்திருக்கிறது.

“நாளைக்கு அங்க சொல்வீங்களாக்கா?”

“மாட்டேன்.”

அவள் நிமிர்ந்து பார்த்தாள். அக்காவின் முகத்தில் வெட்கமும் இல்லை, கோபமும் இல்லை.

“எனக்கும் வீடுதான் இருக்கு, வேற ஒண்ணும் இல்ல. மகனும் மருமகளும் என்னை வச்சுக் காப்பாத்தறதா ஊருக்குப் பேரு. அந்த வீடு என் பேர்ல இருக்கறதாலதான் காலையில எனக்கு டீ வருது. அது போச்சுன்னா நான் யாருன்னு கேப்பாங்க. உன்கிட்ட பொய் சொல்ல முடியல, அதான் நடந்து வந்தேன். அங்க உண்மை சொல்லவும் முடியாது.”

“இது என்ன நியாயம்க்கா?”

“நியாயம்னு நான் சொன்னேனா?”

ஒரு காகம் தொட்டியின் விளிம்பில் வந்து உட்கார்ந்து, தண்ணீர் இல்லாததைப் பார்த்துவிட்டுப் போனது.

“நீ நாளைக்கு என்ன வேணா சொல்லிக்கோ. ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். ஏண்டி துணியைக் குடுத்தே?” அக்கா டம்ளரை ஓரமாகத் தள்ளினாள். “அந்த ஏஜெண்டு வெளியில ஆட்டோவை நிறுத்திட்டு உசிரை வாங்கினான். இன்னிக்கு விட்டா வேற சங்கத்துக்குப் போயிடும்னான். எனக்கும் துணி பிடிக்கல. தலைவி நானே எப்படி வேண்டாங்கறது, இவ்வளவு பெரிய ஆர்டரை? யாராவது மடியில வச்சுக்க மாட்டாளான்னு பார்த்துக்கிட்டே இருந்தேன். கத்தரி குடுத்துட்டா. உன்கிட்ட வந்து நின்னுச்சு. நீ மோந்து பார்த்தே, கேட்டே. அப்பாடான்னு இருந்துச்சுடி எனக்கு. அப்புறம் குடுத்துட்டே.”

அக்கா எழுந்து, சுவரைப் பிடித்துப் பிடித்துப் போய்விட்டாள்.

ஏன் கொடுத்தாள்? அது இப்போது தெளிவாகவே ஞாபகம் வந்தது. பட்டன் சிரித்துக்கொண்டே கையை நீட்டிவிட்டாள். நீட்டிய உள்ளங்கை காலியாக அவள் முன்னால் நின்றது. நீட்டிய கையை வெறுமனே நிறுத்தி வைக்க அவளால் ஒருநாளும் முடிந்ததில்லை. பிறந்த வீட்டில் தம்பிகள் நீட்டியபோதும், வந்த வீட்டில் யார் நீட்டியபோதும், கையில் இருந்ததை வைத்துவிட்டுத்தான் மறுவேலை பார்த்திருக்கிறாள். நல்லவள் என்று அதற்கொரு பெயரும் வாங்கியிருந்தாள். அது நல்ல குணம்தானா, அல்லது ஒரு நொடி ஒருத்தியின் முகம் சுளிப்பதைத் தாங்க முடியாத கோழைத்தனமா என்று இத்தனை வயதுக்கு யோசித்ததில்லை. சொன்னதும் உண்மை, கொடுத்ததும் உண்மை. சொன்னது தானாக வாயில் வந்தது. கொடுத்ததுதான் அவளாகச் செய்தது.

திங்கட்கிழமை மாவட்ட அலுவலகத்தின் மாடி அறையில் ஐந்து பேரையும் ஒரே வரிசையில் உட்கார வைத்தார்கள். அதிகாரிக்குச் சளி குறைந்திருந்தது. பக்கத்தில் ஒரு எழுத்தர் குனிந்து எழுதிக்கொண்டிருந்தார். காஜா அக்கா முதலில்.

“யாரும் ஒண்ணும் சொல்லல சார். எப்பவும் போல துணியைக் கையில பார்த்தோம்.”

கத்தரி அதையே சொன்னாள். பட்டன் சொல்லும்போது கொஞ்சம் அழுதாள். இஸ்திரி, “ஆமா சார்” என்பதோடு முடித்துக்கொண்டாள்.

“நீங்கம்மா?”

“நான் சொன்னேன் சார்” என்று அவள் எழுந்து நின்றாள்.

நாற்காலி ஒன்று நகர்ந்தது. அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார்.

“என்ன சொன்னீங்க?”

“மாவு வாசனை வருது, ஒரு துண்டு துவைச்சுப் பார்த்தா என்னன்னு கேட்டேன்.”

“பொய் சார்” என்றாள் பட்டன். “எப்படி உனக்கு மனசு வருது? வீட்டுக்கு வந்து சொல்லிட்டுத்தானே போனோம்” என்றும் சொல்லிவிட்டு, சொல்லியிருக்கக் கூடாது என்று புரிந்து வாயைப் பொத்திக்கொண்டாள்.

அதிகாரி காஜா அக்காவைப் பார்த்தார். “இவங்க கேட்டாங்களா?”

அக்கா மேஜையின் கால்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். “ஞாபகம் இல்ல சார்.”

“எழுதிக்குங்க” என்றார் அதிகாரி எழுத்தரிடம். “குழு உறுப்பினர் ஒருவர் சந்தேகம் எழுப்பியுள்ளார். சோதிக்கும்படி கேட்டும் சோதிக்கவில்லை. அந்த உறுப்பினர் ஆட்சேபம் தெரிவித்துள்ளார்.” பிறகு இவளிடம், “நீங்க உக்காரலாம்மா. நீங்க இதுல வரமாட்டீங்க.”

அவ்வளவுதான். வீடு நின்றுவிட்டது. நாத்தனாரின் பின்னறை நின்றுவிட்டது. உட்கார வேண்டியது ஒன்றுதான் பாக்கி.

துணியைக் கொடுத்ததைப் பற்றி அந்த அறையில் யாரும் பேச முடியாது என்பது அவளுக்கு அப்போது விளங்கியது. ‘ஆனா துணியைக் குடுத்தாளே’ என்று சொல்ல வேண்டுமானால், அதற்கு முன்னால் அவள் சொன்னதை ஒப்புக்கொள்ள வேண்டும். நாலு பேர் வாயும் அவரவர் பொய்யாலேயே கட்டப்பட்டிருந்தது. அதிகாரிக்கோ அந்த வழக்கமே தெரியாது. ஆட்சேபம் என்ற வார்த்தை யாருக்கோ அளவெடுத்துத் தைத்த சட்டை போல அவள் மேல் தொளதொளவென்று தொங்கியது. அதைப் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போகலாம். யாரும் கேட்க மாட்டார்கள். வெட்டு மேஜையைச் சுற்றி இனிமேல் துணி வரும்போது மட்டும் அவள் எந்தக் கையால் அதை வாங்குவாள்?

“சார், இன்னும் இருக்கு.”

“என்னம்மா?”

“நான் கேட்டேன். ஆனா அப்புறம் துணியைக் குடுத்துட்டேன்.”

“புரியல.”

அவள் விளக்கினாள். துணி சுற்றி வருவதை, மடியில் வைப்பதை, கை மாற்றுவதை. இடையில் நிறுத்தாமல் பேசினாள். இவ்வளவு நேரம் தொடர்ந்து பேசிய நாள் அவளுக்கு நினைவில்லை. எழுத்தர் எழுதுவதை நிறுத்திவிட்டுக் கேட்டார்.

“அது உங்க பழக்கம்மா” என்றார் அதிகாரி, கொஞ்சம் எரிச்சலாக. “சட்டத்துக்கு அதெல்லாம் தெரியாது.”

“எங்களுக்குத் தெரியும் சார். வாயால சொல்றது எங்ககிட்ட பேச்சுதான். குடுத்துட்டா சம்மதம்.”

“அப்ப நீங்க சம்மதிச்சீங்க.”

“ஆமா சார்.”

“என்ன சொல்றோம்னு புரிஞ்சுதான் சொல்றீங்களா? இப்படிச் சொன்னா நீங்களும் இதுல வர்றீங்க. இவங்களும் தப்பிக்கல, நீங்களும் தப்பிக்கல.”

“புரியுது சார்.”

அதிகாரி பேனாவை மறுபடியும் எடுத்தார். பிறகு எழுத்தரிடம், “ரெண்டையும் எழுதுங்க” என்றார்.

கீழே வந்தபோது வெயில் கண்ணைக் குத்தியது. ஊருக்குப் போக ஒரே பஸ்தான். ஐந்து பேரும் அதே நிறுத்தத்தில் நின்றாக வேண்டும். பட்டன் முதுகைக் காட்டி நின்றாள். கத்தரி மட்டும், பொதுவாகக் காற்றிடம் சொல்வது போலச் சொன்னாள்: “தானும் முழுகி மத்தவங்களையும் முழுகடிக்கிறதுக்கு ஒரு தனி மூளை வேணும்.” யாரும் சிரிக்கவில்லை. இவள் சொல்ல இருந்ததையெல்லாம் மாடியிலேயே சொல்லிவிட்டிருந்தாள்.

பஸ்ஸில் ஒரே ஒரு இடம் இருந்தது. அதில் காஜா அக்காவை உட்கார வைத்தார்கள். இவள் பக்கத்துக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வேண்டுமென்றே அங்கே நிற்கவில்லை, கூட்டம் கொண்டுவந்து நிறுத்தியது. பஸ் முதல் வளைவில் திரும்பியபோது தோள் பை போய் அக்காவின் கன்னத்தில் இடித்தது. அக்கா முகத்தைத் திருப்பாமலே பையின் வாரைப் பிடித்து இழுத்தாள்.

“குடு. விழுந்து வைக்காதே.”

பையை மடியில் வைத்துக்கொண்டு, ஜன்னல் பக்கமாகத் திரும்பிக்கொண்டாள். கொஞ்ச தூரம் போனதும் பைக்குள் ஃபோன் அடித்தது. அக்கா எடுத்துப் பார்த்துவிட்டு நீட்டினாள்.

“உன் வீட்டுக்காரர்.”

எடுத்தாள். அந்தப் பக்கம் வேன் எஞ்சினின் உறுமல், பிள்ளைகளின் கூச்சல்.

“என்னாச்சு?”

“சொன்னேங்க. துணியைக் குடுத்ததையும் சொல்லிட்டேன். நானும் அதுல வர்றேன்.”

“என்ன? கேக்கல. சத்தமா சொல்லு.”

அவள் சொன்னாள்.

“கேக்கலைங்கறேன். பசங்களா, சும்மா இருங்க. என்ன சொன்ன?”

அவள் ஃபோனை வாயருகே வைத்து, பஸ் முழுக்கக் கேட்கும்படி, “அஞ்சு பேரும் கட்டணும். வீடு போனாலும் போகும்ங்க” என்றாள்.

முன்னால் நின்ற நாலைந்து பேர் திரும்பிப் பார்த்தார்கள். அந்தப் பக்கம் எஞ்சின் அணைக்கப்பட்டது. பிள்ளைகளின் கூச்சல்கூட எங்கோ தள்ளிப்போய்விட்டது போலிருந்தது. அவன் லைனில் இருக்கிறானா என்று இரண்டு முறை திரையைப் பார்த்தாள்.

“எந்த பஸ்?” என்றான் கடைசியில்.

“எப்பவும் வர்றதுதான்.”

“இறங்கற இடத்துல வந்து நிக்கறேன்.”

அதற்கு மேல் எதுவும் சொல்லாமல் வைத்துவிட்டான். வந்து நிற்பது சண்டைக்கா துணைக்கா என்று அந்தக் குரலில் பிடிபடவில்லை. ஊர் நெருங்க நெருங்க அவள் குனிந்து ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே வந்தாள். நிறுத்தத்துக்குக் கொஞ்சம் முன்னாலேயே மஞ்சள் வேன் தெரிந்தது. பிள்ளைகளை இறக்கிவிட்டிருந்தான், அல்லது இறக்காமலே வந்துவிட்டானோ என்னவோ. வேனின் மேல் சாய்ந்து நின்றிருந்தான். வெயில் பின்னாலிருந்து அடித்ததில் முகம் இருட்டாக இருந்தது.

அக்கா பையை அவள் பக்கமாகத் தூக்கிக் கொடுத்தாள். அவள் வாங்கிக்கொண்டு, படியை நோக்கி நகர்ந்தாள்.